டிக்கோயா வார்லி கோயில் 'மத்தியகாலக் கோயில்' மாதிரியா? அசல் எப்படி இருக்கும்?

ஹட்டன் வேன்காரன் கேட்டது:

எல்லாருக்கும் வணக்கம். நான் ஹட்டன் டவுன்ல வேன் ஓட்டுறவன். நல்லதண்ணி, நுவரெலியா, எல்ல என்று வெளிநாட்டு ஆட்களைக் கூட்டிப் போறது என் தொழில். நானாப் படிச்சுத்தான் நாலு விசயம் சொல்லுவேன்.

போன கிழமை வயசான இங்கிலாந்துத் தம்பதி ஒன்று வந்தாங்க. டிக்கோயாவில வார்லி என்கிற கிறிஸ்தவக் கோயிலுக்குக் கூட்டிப் போனேன். காசல்ரி தண்ணிக்கு மேல, தேயிலைக்கு நடுவுல, கருங்கல் சுவரும் கூர் ஜன்னலுமா நிற்குமே, அதுதான். அந்த அம்மா இறங்கின உடனே, "எங்க ஊர் மத்தியகாலக் கோயில் மாதிரியே இருக்கு" என்று கண் கலங்கிட்டாங்க. ஐயா அதுக்குள்ள சிரிச்சுக்கிட்டே, "இல்லவே இல்ல, இது வேற" என்று சொல்ல, ரெண்டு பேருக்கும் வாக்குவாதம். என்னைப் பார்த்து, "நீ என்னப்பா சொல்ற?" என்றாங்க. 1878ல கட்டினது என்று மட்டும் சொன்னேன். அதுக்கு மேல எனக்குச் சரக்கு இல்ல.

அதனால கேட்கிறேன். இங்கிலாந்துல அந்தக் காலத்து ஊர்க் கோயில் உண்மையில எப்படி இருக்கும்? நம்ம பக்கத்துக் கோயில்கள் அதைப் பார்த்துக் கட்டினதா? பழசு எது, பழசு மாதிரி கட்டினது எது என்று என்னை மாதிரி ஒருத்தன் எதை வச்சுக் கண்டுபிடிக்கிறது? நான் சைவக்காரன், உள்ளே இருக்கிற சாமான்களுக்குப் பேர் கூடத் தெரியாது. அதையும் கொஞ்சம் சேர்த்துச் சொன்னீங்கன்னா புண்ணியமாப் போகும்.

நுவரெலியா பாடகற்குழு அக்கா எழுதியது:

தம்பி, சாமான்களின் பேரை நான் சொல்கிறேன். நான் சின்ன வயசிலிருந்து ஆங்கிலிக்கன் ஆலயத்தில் பாடுகிறவள். எங்கள் ஊர் ஹோலி டிரினிட்டி 1852இல் ஆயர் சாப்மன் பிரதிஷ்டை செய்தது. கொழும்பின் முதல் ஆங்கிலிக்கன் ஆயர் அவர்தான்.

மேற்கு வாசலில் நுழைந்தால், வாசலுக்குக் கிட்டவே கல்லில் ஒரு தொட்டி இருக்கும். அது ஞானஸ்நானத் தொட்டி. சபைக்குள் வருகிற வழி அது என்பதால் வாசலருகில் வைக்கிறார்கள். அதைத் தாண்டினால் சனங்கள் உட்காரும் நீளமான கூடம், அதை நேவ் என்பார்கள். அதற்கு அப்பால் ஓரிரு படி ஏறினால் சான்சல். பாடகற்குழுவும் குருவானவரும் நிற்கிற இடம். கடைசியில் கிழக்குச் சுவரோடு பலிபீடம். கிழக்கைப் பார்த்து ஆராதிப்பதுதான் பழைய வழக்கம். மலைச்சரிவில் நிலம் விடாவிட்டால் திசை மாறிப்போவதும் உண்டு. உங்கள் போன் திசைகாட்டியை வைத்துப் பாருங்கள், விருந்தாளிகளுக்கும் வேடிக்கையாக இருக்கும்.

மத்தியகாலத்தில் இந்தச் சட்டகம் அப்படியே இருந்தது, ஆனால் உள்ளே போனால் நமக்கு அடையாளமே தெரியாது. நேவில் வாங்கு கிடையாது. சனங்கள் நின்றார்கள், முழங்காலில் இருந்தார்கள். கிழடுகளுக்குச் சுவரோரம் கல் திண்ணை. வாங்குகள் பரவலாக வந்தது 15ஆம் நூற்றாண்டில். நேவுக்கும் சான்சலுக்கும் இடையில் மரத்தில் செதுக்கிய தடுப்பு, அதன் மேல் சிலுவையில் தொங்கும் இயேசு. பூசை இலத்தீனில். சனம் தடுப்பின் இடுக்கு வழியாகத்தான் பலிபீடத்தைப் பார்த்தது. சுவர் முழுக்க வண்ணச் சித்திரம். சான்சல் வளைவுக்கு மேலே நியாயத்தீர்ப்பு நாள்: ஒரு பக்கம் மோட்சம், மறு பக்கம் நரகம், பிசாசுகள் ஆட்களை இழுத்துக்கொண்டு போகும். படிக்கத் தெரியாத சனத்துக்கு அதுதான் பிரசங்கம்.

1547இல் ஆறாம் எட்வர்ட் பட்டத்துக்கு வந்த பிறகு இதெல்லாம் போய்விட்டது. சிலுவையை இறக்கினார்கள், சித்திரத்துக்கு வெள்ளை அடித்தார்கள். இங்கிலாந்தின் கிழக்கே சஃபோக்கில் வென்ஹாஸ்டன் என்ற ஊரில், 1892இல் திருத்த வேலை செய்தபோது, வெள்ளை அடித்த பழைய பலகைகளைக் கழற்றி மயானத்தில் போட்டுவிட்டார்களாம். இரவு மழை பெய்து வெள்ளை கரைந்து, காலையில் பார்த்தால் நியாயத்தீர்ப்புச் சித்திரம்! எரிக்க இருந்த பலகைகள். இப்போது அதே கோயிலுக்குள் மாட்டியிருக்கிறார்கள்.

ஆக உங்கள் அம்மாவும் ஐயாவும் பார்த்து வளர்ந்த 'மத்தியகாலக் கோயில்' வெள்ளைச் சுவரும் அமைதியுமாக இருக்கும். கட்டியவர்கள் பார்த்தது நம் சித்திரத் தேர் மாதிரி ஒரு வண்ணக் கலவரம்.

கம்பளை படவரைஞர் எழுதியது:

தம்பி, அக்கா சொன்னது உள்ளே நின்று பார்த்த கதை. நான் வெளியே நின்று சுவரைப் பார்க்கிற ஆள். அப்பா தோட்டத்தில் மேசன் பாஸ், நான் அரசாங்கத்தில் படவரைஞராக இருந்து ஓய்வு பெற்றவன். மகள் சஃபோக்கில் தாதியாக இருக்கிறாள். அவளோடு போய் இருந்த காலத்தில் எனக்கு வேறு வேலை கிடையாது. பஸ் ஏறி ஊர் ஊராகக் கோயில் பார்த்தேன். பல கோயில்களில் பகலில் பூட்டே இல்லை, கதவைத் தள்ளிக்கொண்டு போகலாம். ஒரு மனுசரும் இருக்கமாட்டார். எனக்கு அது சொர்க்கம். மகளுக்குத்தான் கவலை, அப்பனுக்குப் புத்தி பிசகிவிட்டதோ என்று.

உங்கள் விருந்தாளிகள் இரண்டு பேர் சொன்னதிலும் நியாயம் உண்டு, ஆனால் என் வாக்கு ஐயாவுக்கு. அசல் மத்தியகாலக் கோயிலில் ஒரு சுவர் பக்கத்துச் சுவரோடு ஒத்துப்போகாது. வார்லியில் எல்லாம் ஒத்துப்போகும். ஒரே கையாகக் கட்டிய கட்டடம் அது. கண்டுபிடிக்க இதைவிடச் சுலபமான வழி எனக்குத் தெரியாது: பொருந்தாத இடத்தைத் தேடுங்கள்.

லேவன்ஹம் என்ற ஊரை எடுத்துக்கொள்கிறேன், ஏனென்றால் அங்கே எட்ட நின்று பார்த்தாலே விளங்கும். கிழக்குப் பக்கத்தில் தாழ்ந்த, சின்னச் சான்சல். அது 1340 அளவில் கட்டியது. அதோடு ஒட்டிக்கொண்டு, அதை விழுங்கிவிடுவது போல ஒரு பெரிய நேவும் 141 அடிக் கோபுரமும். அவை 1485க்கும் 1525க்கும் இடையில் எழும்பியவை. நடுவில் நடந்தது இரண்டு விசயம். 1348இல் கொள்ளைநோய் வந்து நாட்டில் மூன்றில் ஒரு பங்கையாவது அள்ளிக்கொண்டு போனது, கொத்தர்களும் செத்தார்கள், பல ஊரில் வேலை அப்படியே நின்றது. பிறகு கம்பளித் துணி வியாபாரத்தில் அந்த ஊருக்குப் பணம் கொட்டியது. கோபுரத்துக்குக் கொடுத்தவர்களில் ஸ்பிரிங் என்ற துணி வியாபாரக் குடும்பம் முக்கியம். ஆக்ஸ்போர்ட் பிரபுக்களின் நட்சத்திரச் சின்னமும் வியாபாரியின் அடையாளமும் அதே சுவர்களில் இருக்கின்றன. கோபுரம் கட்டியது பக்தியா பவிசா என்று கேட்டால், இரண்டையும் பிரிக்க முடியாது என்பேன்.

சரி, ஏன் சான்சலை மட்டும் இடிக்காமல் விட்டார்கள்? இங்கேதான் பங்கு, அதாவது ஒரு கோயிலுக்கு உரிய ஊர் எல்லை, என்ற ஏற்பாட்டைப் புரிந்துகொள்ள வேண்டும். ஊரில் விளைவதில் பத்தில் ஒன்று கோயிலுக்கு. அதை வாங்குகிறவர் ரெக்டர் என்ற ஊர்க் குருவானவர், சில இடங்களில் ஒரு மடம். 13ஆம் நூற்றாண்டிலிருந்து வழக்கம் என்னவென்றால், சான்சலைப் பழுது பார்ப்பது ரெக்டர் பொறுப்பு, நேவைப் பார்ப்பது ஊரார் பொறுப்பு. ஒரே கூரைக்குக் கீழே இரண்டு சொந்தக்காரர்! ஊருக்குக் காசு வந்தால் நேவ் வானத்துக்கு ஏறும், சான்சல் பழையபடியே கிடக்கும். ரெக்டர் பணக்காரராக இருந்தால் தலைகீழ். இந்தச் சட்டம் சும்மா ஏட்டில் கிடக்கவில்லை. வார்விக்சயரில் ஆஸ்டன் கான்ட்லோ ஊரில் பழைய கோயில் நிலத்தை வைத்திருந்த ஒரு குடும்பம், அந்த ஊர்ச் சான்சலுக்குப் பழுது பார்த்துக் கொடுக்க வேண்டும் என்று 2003இல் அப்போது அங்கே உச்ச நீதிமன்றமாக இருந்த பிரபுக்கள் சபை தீர்ப்புச் சொன்னது. நம் நாட்டில் காணி உறுதி பார்க்கிற பிரக்கிராசிமார் இதைக் கேட்டால் தூங்கமாட்டார்கள்.

இனி ஜன்னல். காலத்தைச் சொல்ல ஜன்னலை விட நல்ல சாட்சி இல்லை. அரைவட்ட வளைவும் தடித்த சுவரும் சின்னத் துவாரமுமாக இருந்தால் நோர்மன் என்ற பாணி, 12ஆம் நூற்றாண்டு முடியும் வரை. ஈட்டி முனை போல ஒடுங்கி உயர்ந்த தனி ஜன்னல் 13ஆம் நூற்றாண்டு. ஜன்னல் அகன்று, தலைப்பகுதியில் கல் கொடிபோல வளைந்து நெளிந்தால் 14ஆம் நூற்றாண்டின் முன்பாதி. அந்தக் கொடி போய், நெட்டுக்கு நேர் கல் கம்பிகளாக அடியிலிருந்து உச்சி வரை ஓடினால் கொள்ளைநோய்க்குப் பிந்தியது. 1500 தாண்டியும் அதே பாணி. இந்தப் பிரிவையும் பெயர்களையும் 1817இல் தாமஸ் ரிக்மன் வகுத்தார். கட்டியவனுக்கு அப்படி ஒரு பெயரும் தெரியாது, அவனுக்கு அது அன்றைய பாஷன்.

ஏன் ஜன்னல் பெருத்துக்கொண்டே போனது? வில்வளைவு சும்மா நிற்காது தம்பி, இரண்டு பக்கமும் சுவரை வெளியே தள்ளும். பழைய சுவர் இரண்டு தோலும் நடுவில் சல்லியும் சுண்ணாம்பும் போட்டு நிரப்பியது, தடிப்பால்தான் நின்றது. பிறகு தள்ளுகிற இடத்தில் மட்டும் முட்டுச்சுவர் கொடுத்தால் போதும் என்று கண்டுகொண்டார்கள். முட்டுக்கும் முட்டுக்கும் இடையில் சுவர் சுமக்கிற வேலை குறைந்தது, அங்கே கண்ணாடி ஏறியது. வார்லிக்குப் போனால் கூர் ஜன்னலை மட்டும் படம் எடுக்காமல், சுவரை எது தாங்குகிறது என்று ஒரு சுற்றுச் சுற்றிப் பார்க்கச் சொல்லுங்கள்.

இன்னொரு அடையாளம் எனக்கு மிகப் பிடித்தது. கோபுரத்தின் கிழக்கு முகத்தில், நேவ் கூரைக்கு மேலே, கூம்பு வடிவில் ஒரு தழும்பு தெரியும். பழைய கூரை அங்கே முட்டிக்கொண்டு நின்ற இடம். முன்பு கூரை செங்குத்தாக இருந்தது. 15ஆம் நூற்றாண்டில் சுவரை உயர்த்தி, மேலே ஒரு வரிசை ஜன்னல் வைத்து, ஈயத் தகடு போட்ட தட்டையான கூரையைப் போட்டார்கள். தழும்பு மாத்திரம் மிச்சம். அக்கா சொன்ன தடுப்பும் இப்படித்தான். தடுப்பின் மேல்தளத்துக்கு ஏறுகிற ஒடுங்கிய கல் படிக்கட்டு சுவருக்குள் இருக்கும், ஏறிப் போனால் அந்தரத்தில் ஒரு வாசல், அதற்கு அப்பால் ஒன்றுமில்லை.

மண்ணும் பேசும். சஃபோக், நோர்போக் பக்கம் செதுக்கத் தக்க கல் இல்லை. வயலில் கிடைப்பது ஃபிளின்ட் என்ற சிக்கிமுக்கிக் கல், கைப்பிடி அளவு, உடைத்தால் கண்ணாடி போலச் சில்லும். அதில் மூலை பிடிக்க முடியாது, மூலைக்குச் செதுக்கிய கல்லை எங்கிருந்தோ கொண்டு வர வேண்டும். அந்தப் பக்கம் வட்டக் கோபுரங்கள் நிறைய இருப்பதற்கு இதையும் ஒரு காரணமாகச் சொல்வார்கள்.

இனி நம் பக்கத்துக்கு வருகிறேன். 1839இல் கேம்பிரிட்ஜில் சில இளைஞர்கள் ஒரு சங்கம் தொடங்கினார்கள். கோயில் என்றால் 1300ஐ ஒட்டிய பாணிதான், சான்சல் ஆழமாக இருக்க வேண்டும், மற்றதெல்லாம் குறை என்று ஒரே பிடிவாதம். கேம்பிரிட்ஜ் பக்கத்தில் லோங்ஸ்டான்டன் ஊரில் 13ஆம் நூற்றாண்டுச் சின்னக் கோயில் ஒன்று, அதன் அளவுப் படங்கள் கடல் தாண்டிப் போயின. அமெரிக்காவில் பிலடெல்பியாவில் அதைப் பார்த்தே ஒரு கோயில் 1840களில் எழும்பியது. குடியேற்ற நாடுகள் முழுக்க அந்தக் காற்று வீசியது. நுவரெலியாவுக்கும் டிக்கோயாவுக்கும் வந்து சேர்ந்தது அதுதான்: நானூறு வருசம் இடித்து இடித்துக் கட்டியதின் கடைசித் தோற்றத்தை, ஒரே மூச்சில் கட்டிவிடுவது.

லேவன்ஹமுக்குக் கம்பளி, டிக்கோயாவுக்குக் கோப்பி. 1869இல் கோப்பி நோய் தலைகாட்டிவிட்டது, 1878இல் துரைமாருக்கு இன்னும் நம்பிக்கை இருந்திருக்கிறது. ஒன்றை மறக்காமல் சொல்லுங்கள்: அவர்கள் கட்டியபோது கீழே ஏரி இல்லை. கெஹெல்கமு ஓயாவை மறித்து காசல்ரி அணை வந்தது 1960களில். எல்லாரும் படம் எடுக்கிற அந்தக் காட்சி கோயிலை விட ரொம்ப இளசு.

பொகவந்தலாவ பேரன் எழுதியது:

ஐயா எழுதியது அருமை, ஆனா ஒரு சங்கடம். கம்பளி, கோப்பி, பிரபு, துரை என்று காசு கொடுத்தவன் பேரா வருது. கல்லை உடைச்சவன் எங்கே? எங்க ஊர் செயின்ட் மேரி கோயில்ல ஜூலியா மார்கரெட் கேமரன் கல்லறை இருக்கு. பழைய காலப் புகைப்படக்காரங்க, 1879ல செத்தாங்க, புருசனும் பக்கத்திலேயே. உலகம் முழுக்க இருந்து அதைப் பார்க்க வர்றாங்க, வரட்டும், நல்ல விசயம். அந்த மலையில கோப்பிக் கன்று நட்டுச் செத்த எங்க பாட்டன் பூட்டனுக்கு ஒரு நடுகல் உண்டா? 1854லேயே தமிழ்க் கூலி மிஷன் என்று தொடங்கி எங்க ஆட்களுக்குத் தமிழ்ல ஆராதனை நடத்தினாங்க, சரி. ஆனா துரைமார் கோயில்ல எங்க ஆட்களுக்கு எந்த வாங்கு? வேன்கார அண்ணே, கட்டடக் கலை சொல்லும்போது இதையும் விருந்தாளிகளுக்குச் சொல்லுங்க. கேட்டுக்கிட்டு அழகு பார்க்கட்டும்.

ஹட்டன் வேன்காரன் எழுதியது:

தம்பி சொல்றது நெஞ்சுல படுது. என் அம்மா வழிப் பாட்டனும் டிக்கோயாவில கல் வேலை செஞ்சவர்தான் என்று வீட்டில சொல்லுவாங்க.

ஐயா, உங்ககிட்ட இன்னொரு கேள்வி. இங்கிலாந்துல 1340 என்று சொன்னீங்களே, அந்த நேரத்துல நம்ம மலைநாட்டுல என்ன நடந்துச்சு? அப்படி ஏதாவது கட்டடம் நிற்குதா?

கம்பளை படவரைஞர் எழுதியது:

நிற்கிறது. எங்கள் வீட்டிலிருந்து பஸ்ஸில் போகிற தூரத்தில். பேரன் கேட்டதற்கும் பதில் அங்கேதான் இருக்கிறது, அதனால் இரண்டையும் சேர்த்தே சொல்கிறேன்.

முதலில் பேரனுக்கு. நீங்கள் சொல்வது இங்கிலாந்துக்கும் பொருந்தும். லேவன்ஹமுக்குப் பக்கத்தில் லோங் மெல்போர்ட் என்று ஒரு கோயில். வெளிச்சுவரைச் சுற்றி, ஃபிளின்டுக்குள் வெள்ளைக் கல்லைப் பதித்து எழுத்து ஓடும்: இன்னாருக்காக, இன்னார் மனைவிக்காக மன்றாடுங்கள், இந்தப் பகுதியைக் கட்டியது அவர்கள் என்று. குளொப்டன் என்ற குடும்பத்தின் பேர் திரும்பத் திரும்ப வரும். எல்லாம் பணம் கொடுத்தவர்கள். அந்த எழுத்தைச் செதுக்கியவன் பேர் அதில் இல்லை. ஊர்க் கோயில்களில் கொத்தன் விட்டுப் போனது பெரும்பாலும் கல்லில் ஒரு கீறல் அடையாளம் மட்டும். எத்தனை கல் செதுக்கினான் என்று கணக்குப் பார்த்துக் கூலி வாங்க. (அந்தக் கோயிலின் கோபுரம் 1903இல் கட்டியது. பழையது இடி விழுந்து போனது. கோபுரத்தைப் பார்த்து ஏமாறாதீர்கள்.)

இப்போது இங்கே வாருங்கள். 1340கள் என்றால் எங்கள் கம்பளைதான் தலைநகர். நாலாம் புவனேகபாகு அரசன். 1344இல், அதாவது லேவன்ஹம் சான்சல் கட்டிய அதே காலத்தில், பிலிமத்தலாவைப் பக்கம் கடலாதெனிய விகாரை எழும்பியது. கட்டுவித்தவர் தர்மகீர்த்தி தேரர். பாறையில் வெட்டிய சாசனம் அங்கேயே கிடக்கிறது. அதில் தச்சருக்குத் தலைவன் பேர் இருக்கிறது: கணேஸ்வராச்சாரி. தென்னிந்தியக் கலை மரபில் வந்தவர். அவர் கை கட்டடம் முழுக்கத் தெரியும். நம் கோயில்களில் பார்க்கிற அதிட்டானம் என்ற அடித்தளம், அதில் குமுதம், பட்டிகை என்ற வரிகள், தூணுக்கு மேலே உத்தரத்தைத் தாங்கும் போதிகை, எல்லாம் கருங்கல்லில். உச்சியில் மட்டும் விமானத்துக்குப் பதிலாகத் தாதுகோபம், அதாவது பௌத்தத் தூபி. வாசல் தூண்களில் ஆடுகிறவர்களும் வாத்தியக்காரர்களும். நான் முதன்முதலில் பார்த்தபோது தஞ்சாவூர்ப் பக்கம் வந்துவிட்டேனோ என்று நின்றுவிட்டேன்.

கட்டுமானத்தில் ஒரு வித்தியாசத்தைக் கவனியுங்கள். இங்கே வில்வளைவே இல்லை. தூண், மேலே கல் உத்தரம், அவ்வளவு. பாரம் நேரே கீழே இறங்கும், பக்கத்துக்குத் தள்ளாது, முட்டுச்சுவரும் தேவையில்லை. ஆனால் கல் உத்தரம் நீளம் தாங்காது, நடுவில் முறியும். அதனால் தூண்கள் நெருக்கமாக நிற்க வேண்டும், உள்ளே இருட்டு. இங்கிலாந்துக்காரன் வளைத்துத் திறந்தான், நம் ஆச்சாரி அடுக்கி அடைத்தான். மங்கின வெயில் நாட்டில் வெளிச்சம் தேடுவான். நமக்குக் கருவறை இருட்டுத்தான் சரி.

அதே 1344இல் லங்காதிலகம். அது செங்கல்லும் சுண்ணாம்பும், ஒரு மொட்டைப் பாறை மேலே. கட்டிய கலைஞன் பேர் ஸ்தபதி ராயர், அதுவும் பதிவாகியிருக்கிறது. கட்டுவித்தவர் சேனாலங்காதிகார என்ற மந்திரி. உள்ளே புத்தர், வெளிச்சுற்றில் விபீஷணர், கணபதி, கந்தகுமாரர் என்று தெய்வங்களுக்கு மாடம். பாறையில் சிங்களச் சாசனத்தோடு தமிழ்ச் சாசனமும் வெட்டியிருக்கிறது, சகம் 1266 (நம் கணக்கில் 1344) என்று ஆண்டு போட்டு. விகாரைக்கு விட்ட நிலபுலங்களைச் சொல்கிறது. ஊர்க் கோயிலுக்குப் பத்தில் ஒன்று போல, இங்கே வயல். கட்டடத்தை நிமிர்த்துவது ஒரு செலவு, நூறு நூறு வருசத்துக்கு விளக்கெரிய வைப்பது வேறு செலவு. அதை இரண்டு ஊர்க்காரரும் புரிந்து வைத்திருந்தார்கள்.

ஒரு எச்சரிக்கை, பேரனுக்கு. அந்தச் சாசனத் தமிழைப் பார்த்துவிட்டு, "பார், நாங்கள் அப்போதே இருந்தோம்" என்று சண்டைக்குப் போகாதீர்கள். அது வேறு ஆட்கள், வேறு கதை. நம்மவர்கள் வந்தது 1820களிலிருந்து, கோப்பிக்கு. எனக்கு அதில் பெருமைப்பட ஒன்று இருக்கிறது என்றால் அது இரத்தம் பற்றியது இல்லை. கல் வேலை செய்தவன் பேரை, அரசன் பேரும் தேரர் பேரும் வருகிற அதே பாறையில் எழுதலாம் என்று ஒரு காலத்தில் இந்த மலையில் நினைத்தார்கள். லோங் மெல்போர்ட்டில் அது தோன்றவில்லை, 1878இல் டிக்கோயாவிலும் தோன்றவில்லை. உங்கள் கோபத்துக்கு இதைவிட நல்ல ஆதாரம் கிடைக்காது.

மரத்துக்கும் ஒன்று சொல்லி முடிக்கிறேன். எம்பெக்கே தேவாலயம், கம்பளையில் மூன்றாம் விக்கிரமபாகு (1357-1374) காலத்தது. செதுக்கிய மரத்தூண்களைத்தான் எல்லாரும் பார்ப்பார்கள். நீங்கள் அண்ணாந்து கூரையைப் பாருங்கள். ஒரு முனையில் 26 கைமரங்கள் வந்து ஒரே மர முளையில் பிடித்து நிற்கும், மடோல் குருபாவ என்பார்கள். இங்கிலாந்தின் 15ஆம் நூற்றாண்டுக் கூரைகளும் இந்த ரகம்தான். கேம்பிரிட்ஜ்சயரில் மார்ச் என்ற ஊர்க் கோயிலில் ஓக் மரக் கூரை முழுக்க நூற்றுக்கும் மேற்பட்ட தேவதூதர்கள் சிறகு விரித்து நிற்கிறார்கள். மரத்தை மரத்தோடு கவ்வவிட்டு, மர முளை அடித்து இறுக்கும் வேலை. இரும்பு போட்டால் ஈரத்தில் துருப்பிடித்து மரத்தை வெடிக்க வைக்கும், அது இரண்டு ஊர்த் தச்சனுக்கும் தெரிந்திருக்கிறது.

நுவரெலியா பாடகற்குழு அக்கா எழுதியது:

ஐயா, கண்டி டிரினிட்டி கல்லூரி ஆலயத்தை விட்டுவிட்டீர்களே! துரைமார் கொண்டு வந்த கூர் ஜன்னலை வேண்டாம் என்று வைத்துவிட்டு, கண்டிப் பாணியில் செதுக்கிய கல் தூண்களும் திறந்த பக்கங்களுமாகக் கட்டினார்கள். வரைந்தவர் காஸ்டர் என்ற குருவானவர், வேலை தொடங்கியது 1920களில். சுவர்ச் சித்திரங்கள் டேவிட் பெயின்டர் போட்டவை. இயேசுவும் சீஷர்களும் நம் நாட்டு ஆட்களின் முகத்தோடு இருப்பார்கள். எம்பெக்கே பார்த்த கண்ணோடு அங்கே போனால் ஒரு நூல் பிடிபடும்.

ஹட்டன் வேன்காரன் எழுதியது:

அக்கா, ஐயா, தம்பி, மூணு பேருக்கும் கை எடுத்துக் கும்பிடுறேன். வார மாசம் ஒரு கூட்டம் வருது, கண்டியில ரெண்டு நாள் தங்குறாங்க. கடலாதெனிய, லங்காதிலகம், எம்பெக்கே மூணையும் ஒரே நாள்ல முடிக்கலாமா? எதை முதல்ல போடுறது?

கம்பளை படவரைஞர் எழுதியது:

தாராளமாக முடியும், மூன்றும் ஒரே பக்கம்தான். கொழும்பு வீதியில் பிலிமத்தலாவையில் தவுலகல வீதிக்குத் திரும்பினால் முதலில் வருவது கடலாதெனிய. காலையில் அங்கே தொடங்குங்கள், சாய்ந்த வெயிலில் செதுக்கு வேலை நன்றாகத் தெரியும். அடுத்து லங்காதிலகம், பதினொரு மணிக்கு முன் ஏறி இறங்கிவிட வேண்டும். செருப்பைக் கழற்றித்தான் போக வேண்டும், மத்தியானத்தில் அந்தப் பாறை தோசைக்கல். விருந்தாளிகளைச் சாக்ஸ் எடுத்து வரச் சொல்லுங்கள். தமிழ்ச் சாசனம் எந்தப் பக்கம் என்று அங்கே இருக்கிறவர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள், தேடி அலைய வேண்டாம். எம்பெக்கே கடைசி. மரக் கூரையின் கீழே நிழலாக இருக்கும், அங்கே எவ்வளவு நேரமும் நிற்கலாம். டோர்ச் ஒன்று வைத்திருங்கள், அந்த முளையைக் காட்டுவதற்கு.